உதவிபெறும் பள்ளியில் ஆசிரியர் நியமன ஒப்புதல்: கல்வி அலுவலர் எதைக் கேட்கலாம், எதைக் கேட்க முடியாது

நியமன ஆணை கையில் இருக்கிறது, பணியில் சேர்ந்தாயிற்று, தினமும் வகுப்பும் எடுக்கிறீர்கள். சம்பளம் மட்டும் வரவில்லை. விசாரித்தால் "கருத்துரு (ஒப்புதல் கேட்டுப் பள்ளி அனுப்பும் கோப்பு) ஆபீஸில் இருக்கிறது" என்ற ஒரே பதில். சிலருக்கு இப்படியே வருடங்கள் ஓடிவிடுகின்றன. இந்தத் தாமதத்தில் பெரும்பங்கு தவிர்க்கக்கூடியது. பள்ளி அனுப்பும் கோப்பில் ஓட்டை இருக்கும், அல்லது அலுவலர் கேட்கக்கூடாததைக் கேட்டிருப்பார். கேட்கக்கூடாது என்று எடுத்துச் சொல்ல யாருக்கும் தெரிந்திருக்காது.

தமிழ்நாட்டில் அரசு உதவிபெறும் தனியார் பள்ளிகளின் செயலர்களுக்கும், அங்கே புதிதாகச் சேரும் ஆசிரியர்களுக்கும் இந்த வழிகாட்டி. கீழுள்ள வரிசையிலேயே செய்யுங்கள். ஒரு படியைத் தாண்டிப் போனால் பிறகு திரும்பி வந்து அதைச் சரிசெய்வது பெரும்பாடு.

1. அதிகாரத்தின் எல்லை எங்கே என்று முதலில் பாருங்கள்

ஆசிரியரை நியமிப்பது பள்ளிக் குழு. தமிழ்நாடு அங்கீகரிக்கப்பட்ட தனியார் பள்ளிகள் ஒழுங்குமுறைச் சட்டம், 1973 (1974-இன் 29-ஆம் சட்டம்) பிரிவு 18 ஆசிரியர்களையும் பணியாளர்களையும் நியமிக்கும் வேலையைப் பள்ளிக் குழுவிடம் கொடுத்தது. தகுதியையும் பணி நிபந்தனைகளையும் வரையறுக்கும் அதிகாரம் பிரிவு 19-இன்படி அரசுக்கு. கல்வி அலுவலர் தருவது நியமனம் அல்ல, அந்த நியமனத்துக்கு அரசு மானியத்திலிருந்து ஊதியம் தரலாம் என்ற ஒப்புதல்.

ஆகவே அவர் கேட்கக்கூடிய கேள்விகள் மூன்றுதான். அந்தப் பணியிடம் அனுமதிக்கப்பட்டதா, காலியாக இருந்ததா? நியமிக்கப்பட்டவருக்கு அந்தப் பதவிக்குரிய தகுதி உண்டா? விதியில் சொன்ன முறைப்படி நியமனம் நடந்ததா? மூன்றுக்கும் விடை "ஆம்" என்றால் ஒப்புதல் தந்தாக வேண்டும்.

"இவரை எடுக்காமல் இன்னாரை எடுங்கள்" என்று அவர் சொல்ல முடியாது. நேர்முகத் தேர்வில் பள்ளிக் குழு போட்ட மதிப்பெண்ணை மாற்றிப் போட முடியாது. விதியில் இல்லாத கூடுதல் படிப்பையோ அனுபவத்தையோ கேட்க முடியாது. பெயரில்லாத புகார்க் கடிதத்தைக் கோப்பில் வைத்துக்கொண்டு, உங்களிடம் விளக்கம் கேட்காமலே நிறுத்தி வைக்கவும் முடியாது. "மேலே சொல்லியிருக்கிறார்கள்" என்பது காரணமே ஆகாது. சட்டம் ஒரு அதிகாரியிடம் ஒப்படைத்த முடிவை அவரே யோசித்து எடுக்க வேண்டும், இன்னொருவர் சொற்படி எடுத்தால் அது செல்லாது என்று கோர்தன்தாஸ் பான்ஜி வழக்கில் 1951-லேயே உச்ச நீதிமன்றம் தீர்த்துவிட்டது.

இதற்கு மறுபக்கமும் உண்டு. மானியம் பெறுவது அடிப்படை உரிமை அல்ல என்று 2021 செப்டம்பரில் உத்தரப்பிரதேசப் பள்ளி வழக்கொன்றில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. சிறுபான்மைப் பள்ளியானாலும் மற்ற பள்ளியானாலும், மானியத்தோடு வரும் நிபந்தனைகளில் பிடித்ததை மட்டும் பொறுக்கி எடுத்துக்கொள்ள முடியாது. எனவே "எங்கள் பள்ளி, யாரை வேண்டுமானாலும் வைப்போம்" என்ற பேச்சோடு அலுவலகத்துக்குப் போகாதீர்கள்.

2. உங்கள் பள்ளி எந்த வகை, எந்தச் சட்டம் பொருந்தும்

1973-ஆம் ஆண்டுச் சட்டமும் அதன் 1974 விதிகளும் நீண்ட காலம் நடைமுறையில் இருந்தன. பிறகு தமிழ்நாடு தனியார் பள்ளிகள் ஒழுங்குமுறைச் சட்டம், 2018 (2019-இன் 35-ஆம் சட்டம்) வந்தது. அதற்கான விதிகள் 2023-இல் வந்தன. நியமனம் நடந்த நாளில் எது நடைமுறையில் இருந்ததோ அதன் பிரிவு எண்ணையே கோப்பில் எழுதுங்கள். 2019-இல் நடந்த நியமனத்துக்குப் புதிய விதியைக் காட்டி ஆட்சேபம் வந்தால், பதிலின் முதல் வரியிலேயே நியமனத் தேதியைச் சுட்டிக்காட்டுங்கள். நேர்மாறாக, 2024 நியமனத்துக்குப் பழைய விதி எண்ணோடு கருத்துரு அனுப்பும் செயலர்களும் இருக்கிறார்கள். பழைய கோப்பைப் பார்த்து அப்படியே நகலெடுப்பதால் வரும் பிழை அது.

அடுத்து பள்ளியின் தன்மை. சிறுபான்மைப் பள்ளிக்கு அரசியல் சட்டப் பிரிவு 30(1)-இன் பாதுகாப்பு உண்டு. தகுதியுள்ளவர்களுக்குள் யாரைத் தலைமையாசிரியராக அமர்த்துவது என்பது நிர்வாகத்தின் உரிமை, பணிமூப்பைக் காட்டி அதை மறுக்க முடியாது. மலங்கரை சிரியன் கத்தோலிக்கக் கல்லூரி வழக்கில் 2006-இல் உச்ச நீதிமன்றம் இதை உறுதி செய்தது. உதவிபெறும் நிறுவனத்துக்கும் இது பொருந்தும் என்றது. சிறுபான்மைத் தகுதிச் சான்று அந்தத் தகுதியை உருவாக்குவதில்லை, இருப்பதை அறிவிக்கிறது, அவ்வளவுதான் என்று 1998-இல் கேரளப் பள்ளி வழக்கொன்றில் தீர்ப்பு உண்டு. ஆனாலும் சான்று நகலை இணைக்காமல் கருத்துரு அனுப்பாதீர்கள். தீர்ப்பைக் காட்டி வாதாடுவதைவிட ஒரு நகலை இணைப்பது சுலபம்.

ஒரே கல்வி முகமை (பள்ளியை நடத்தும் அமைப்பு) பல பள்ளிகளை நடத்தினால் அவை எல்லாம் சேர்ந்து ஒரே அலகு. பதவி உயர்வு, உபரி (தேவைக்கு மிஞ்சிய ஆசிரியர்) இரண்டையும் அலகு முழுவதற்கும் பார்ப்பார்கள். நீங்களும் அப்படியே பாருங்கள்.

மானியம் இல்லாத சுயநிதிப் பள்ளி என்றால் இந்த வழிகாட்டியின் பெரும்பகுதி உங்களுக்குத் தேவைப்படாது. ஊதியம் அரசிடமிருந்து வராததால் பணியிட ஒப்புதல் என்ற பேச்சு அங்கே இல்லை. தகுதி விதிகள் மட்டும் கட்டாயம். சுயநிதிப் பள்ளி நிர்வாகங்களுக்கு ஆசிரியரைத் தேர்ந்தெடுப்பதில் விரிந்த சுதந்திரம் உண்டு, அரசு குறைந்தபட்சத் தகுதியை வரையறுக்கலாம் என்று டி.எம்.ஏ. பை அறக்கட்டளை வழக்கில் 11 நீதிபதிகள் அமர்வு 2002 அக்டோபர் 31 அன்று தீர்ப்பளித்தது.

3. காலியிடம் உண்மையில் இருக்கிறதா

ஆசிரியர் வேலைக்கு ஒப்புக்கொள்ளும் முன் கேட்க வேண்டிய முதல் காகிதம் பணியாளர் நிர்ணய ஆணை. ஆண்டுதோறும் ஆகஸ்ட் 1 அன்றுள்ள மாணவர் எண்ணிக்கையை வைத்து எத்தனை பணியிடம் என்று நிர்ணயிக்கிறார்கள். கல்வி உரிமைச் சட்டத்தின் அட்டவணைப்படி தொடக்க வகுப்புகளில் 60 மாணவர் வரை 2 ஆசிரியர், 61 முதல் 90 வரை 3, 91 முதல் 120 வரை 4. ஆறு முதல் எட்டு வரை 35 மாணவருக்கு ஒருவராவது வேண்டும்.

ஒருவர் ஓய்வு பெற்றதால் மட்டுமே இடம் காலியாகிவிடாது. மாணவர் எண்ணிக்கை குறைந்திருந்தால் அந்த இடம் உபரியாகிவிடும், இயக்குநரின் பொதுத் தொகுப்புக்குப் போய்விடவும் கூடும். ஓய்வு பெற்றவர் கல்வியாண்டு இறுதிவரை மறுநியமனத்தில் இருந்தாலும் அந்த நாள்வரை இடம் காலி இல்லை. அதற்கு முந்தைய தேதி போட்டு ஆணை கொடுத்தால் அந்தத் தேதி ஒன்றே கோப்பைக் கவிழ்த்துவிடும்.

மூன்று ஆண்டு நிர்ணய ஆணைகளை வரிசையாக வைத்துப் பாருங்கள். எண்ணிக்கை வரம்பை ஒட்டியே இருந்தால் (62, 61, 61 என்பதுபோல்) அந்த இடம் ஆபத்தான இடம். நிர்வாகம் சொல்லாவிட்டாலும் நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டும்.

"நன்கொடை" கேட்டு வேலை தரும் நிர்வாகங்களைப் பற்றியும் வெளிப்படையாகச் சொல்ல வேண்டியிருக்கிறது. இடம் அனுமதிக்கப்பட்டது இல்லையென்றால் நீங்கள் கொடுத்த பணத்துக்கு ரசீதும் இருக்காது, ஒப்புதலும் வராது. நிலத்தை விற்றுக் கொடுத்தவர்கள் வருடக்கணக்கில் சம்பளமில்லாமல் பாடம் நடத்துகிறார்கள். நிர்ணய ஆணையைக் காட்ட மறுக்கும் நிர்வாகத்திடம் சேராதீர்கள்.

4. நியமன வரிசையைத் தாண்டாதீர்கள்

பெரும்பாலான கோப்புகள் விழுவது இந்த இடத்தில்தான். 1974 விதிகளில் விதி 15(4) ஒரு வரிசையைச் சொல்கிறது. முதலில் அதே பள்ளியில் தகுதியுள்ள ஆசிரியருக்குப் பதவி உயர்வு. அப்படி ஒருவரும் இல்லையென்றால் அதே பள்ளியில் வேறு பணியிலிருக்கும், முழுத் தகுதி பெற்ற ஒருவர். அடுத்ததாக வேறு பள்ளியில் பணியாற்றும் ஆசிரியர். அதற்கும் பிறகுதான் நேரடி நியமனம். வேறு பள்ளியிலிருந்து எடுத்தாலும் நேரடியாக எடுத்தாலும் காரணத்தை எழுதிக் கல்வி அலுவலரிடம் முன்அனுமதி வாங்க வேண்டும். புதிய விதிகளின்கீழ் நியமிப்பவர்கள் அந்த விதிநூலில் இதற்குரிய விதியை எடுத்துப் படித்து, அதன் எண்ணைக் குறிப்பிட வேண்டும்.

உள்ளே தகுதியுள்ள ஒருவர் இருந்து, அவருக்குப் பதவி உயர்வு வேண்டாமென்றால் எழுத்தில் துறப்புக் கடிதம் வாங்குங்கள். வாய்ச்சொல் போதாது. இரண்டு வருடம் கழித்து அவர் மனம் மாறிப் புகார் கொடுத்தால் உங்கள் புது ஆசிரியரின் சம்பளம் நிற்கும்.

பதவி உயர்வில் விதி சொல்வது திறமையும் தகுதியும். அவை ஏறத்தாழச் சமமாக இருக்கும்போதுதான் பணிமூப்பு. சிறுபான்மை அல்லாத பள்ளியும் மூத்தவரைத் தாண்டி இளையவரை எடுக்கலாம். ஏன் என்று தீர்மானத்தில் எழுதியிருக்க வேண்டும். எழுதாமல் தாண்டினால் அலுவலர் தலையிட நீங்களே கதவைத் திறந்துவிட்டீர்கள் என்று அர்த்தம். அப்போதும் அவர் சொல்லக்கூடியது "மூத்தவரையும் பரிசீலித்து முடிவெடுங்கள்" என்பதுதான். "மூத்தவரையே நியமியுங்கள்" என்று ஆணையிடுவது பள்ளிக் குழுவின் நாற்காலியில் அவர் உட்காருவதாகும்.

முன்அனுமதிக்கு எப்போது விண்ணப்பிப்பது? ஓய்வு வயது 60. யார் எந்த மாதம் ஓய்வு பெறுவார் என்பது பணிப்பதிவேட்டிலேயே இருக்கிறது. ஆறு மாதம் முன்பே விண்ணப்பத்தைக் கொடுத்துவிடுங்கள். பதில் வராவிட்டால் மௌனத்தைச் சம்மதமாக எடுத்துக்கொண்டு நியமித்துவிடாதீர்கள். நினைவூட்டல் அனுப்புங்கள், அப்புறம் படி 9-க்குப் போங்கள்.

5. தகுதியும் டெட்டும்

ஒன்று முதல் எட்டு வரையுள்ள வகுப்புகளுக்கான இடைநிலை, பட்டதாரி ஆசிரியர் நியமனங்களுக்கு ஆசிரியர் தகுதித் தேர்வு (டெட்) கட்டாயம். அடிப்படை, கல்வி உரிமைச் சட்டப் பிரிவு 23-ம் தேசிய ஆசிரியர் கல்விக் கழகத்தின் 2010 ஆகஸ்ட் 23 அறிவிக்கையும். தமிழ்நாட்டில் இதற்கான அரசாணை எண் 181, நாள் 15.11.2011. முதுகலை ஆசிரியர் பதவிக்கு டெட் கேட்பதில்லை.

பழைய டெட் சான்றில் 7 ஆண்டு செல்லும் என்று அச்சிட்டிருக்கும். அதைக் காட்டி "காலாவதி" என்று கோப்பைத் திருப்பினால் ஏற்காதீர்கள். 2011 முதல் பெற்ற சான்றுகள் வாழ்நாள் முழுதும் செல்லும் என்று 2021-இல் மாற்றிவிட்டார்கள்.

2025 செப்டம்பர் 1 அன்று உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்பு சிறுபான்மை அல்லாத பள்ளிகளில் பணியில் இருப்பவர்களையும் தொடுகிறது. ஓய்வுக்கு 5 ஆண்டுக்கு மேல் இருப்பவர்கள் இரண்டு ஆண்டுக்குள் டெட் தேற வேண்டும். 5 ஆண்டுக்குள் ஓய்வு பெறுபவர்கள் தேறாமலே தொடரலாம், பதவி உயர்வு மட்டும் கிடையாது. சிறுபான்மைப் பள்ளிகளுக்குக் கல்வி உரிமைச் சட்டம் பொருந்தாது என்பது 2014 மே 6 பிரமதி வழக்குத் தீர்ப்பு. அதை மறுபரிசீலிக்கும் கேள்வியை 2025-இல் தீர்ப்பளித்த அமர்வு பெரிய அமர்வுக்கு அனுப்பியது. சிறுபான்மைப் பள்ளிகளுக்கு டெட்டைக் கட்டாயமாக்கவில்லை. சிறுபான்மைப் பள்ளியின் கோப்பு டெட் இல்லை என்று திரும்பினால் இந்த இரண்டு தீர்ப்புகளையும் பதிலில் காட்டுங்கள்.

6. கருத்துருவில் இருக்க வேண்டியவை

- பள்ளிக் குழுத் தீர்மான நகலும், பள்ளிக் குழுவையும் செயலரையும் அங்கீகரித்த ஆணைகளும்
- நடப்பில் உள்ள பள்ளி அங்கீகார ஆணை
- கடைசி மூன்று ஆண்டுப் பணியாளர் நிர்ணய ஆணைகள்
- காலியிடம் எப்படி வந்தது என்பதற்கான ஆணை (ஓய்வு, ராஜினாமா, மரணம், பதவி உயர்வு), அந்த இடத்தில் முன்பு இருந்தவரின் நியமன ஒப்புதல் ஆணை
- தேவைப்படும் இடத்தில் முன்அனுமதி ஆணை
- விளம்பரம் அல்லது வேலைவாய்ப்பு அலுவலகப் பட்டியல், நேர்முகத் தேர்வு மதிப்பெண் பட்டியல்
- நியமன ஆணை, பணியேற்பு அறிக்கை
- கல்விச் சான்றுகள், டெட் சான்று, உண்மைத்தன்மைச் சான்றுகள் அல்லது அவற்றுக்கு விண்ணப்பித்த கடித நகல்
- அலகுக்குள் அதே பாடத்தில் உபரி ஆசிரியர் இல்லை என்ற செயலர் சான்று
- துறப்புக் கடிதங்கள், சிறுபான்மைச் சான்று, மருத்துவத் தகுதிச் சான்று

இவற்றில் எல்லாரும் கோட்டைவிடுவது முதல் வரி. பள்ளிக் குழுவின் காலமோ செயலரின் அங்கீகாரமோ முடிந்து புதுப்பிக்காமல் இருந்தால், அந்த நாட்களில் போட்ட தீர்மானமே கேள்விக்குள்ளாகும். நியமனத்துக்கு முன் இந்த ஒரு தேதியைச் சரிபாருங்கள். நிர்வாகத்துக்குள் பங்காளித் தகராறு, இரண்டு செயலர்கள் என்ற நிலை இருந்தால் அந்தத் தகராறு தீரும்வரை ஆசிரியர்தான் நடுவில் மாட்டிக்கொள்வார்.

தீர்மானத்தை எப்படி எழுதுவது என்பதில் கவனம் தேவை. "திரு. இன்னாரைக் கணித ஆசிரியராக நியமிக்கலாம் என ஏகமனதாகத் தீர்மானிக்கப்பட்டது" என்று ஒற்றை வரியில் முடித்துவிடுகிறார்கள். அது எதையும் நிரூபிக்காது. இப்படி எழுதுங்கள்:

"31.05.2024 அன்று ஓய்வு பெற்றவரால் ஏற்பட்ட, பணியாளர் நிர்ணய ஆணையில் அனுமதிக்கப்பட்ட பட்டதாரி ஆசிரியர் (கணிதம்) பணியிடத்துக்கு, பள்ளியில் தகுதியுள்ள இடைநிலை ஆசிரியர் எவரும் இல்லாததால், முன்அனுமதி பெற்று, விளம்பரம் செய்து, நேர்முகத்துக்கு வந்த 6 பேரில் முதல் மதிப்பெண் பெற்றவரை நியமிக்கத் தீர்மானிக்கப்பட்டது."

அலுவலர் கேட்கும் மூன்று கேள்விக்கும் அந்த ஒரே வாக்கியத்தில் விடை இருக்கிறது. பின்னாளில் நீதிமன்றத்தில் முதலில் வாசிக்கப்படப் போவதும் அதுதான்.

7. கோப்பைக் கொடுப்பது

பணியேற்ற நாளிலிருந்து ஒரு வாரத்துக்குள் கொடுத்துவிடுங்கள். யாரிடம் கொடுப்பது என்பது பள்ளியின் நிலையைப் பொறுத்தது. 2022 சீரமைப்புக்குப் பிறகு மாவட்டக் கல்வி அலுவலர்கள் தொடக்கக் கல்வி, இடைநிலைக் கல்வி, தனியார் பள்ளிகள் என்று தனித்தனியாக இருக்கிறார்கள். தவறான மேசைக்குப் போன கோப்பு தானாகச் சரியான மேசைக்கு நகராது.

பக்க எண் போட்டு, உள்ளடக்க அட்டவணை வைத்து, இரண்டு பிரதியாகக் கொண்டுபோங்கள். தபால் பிரிவில் கொடுத்து, உங்கள் பிரதியின் முதல் பக்கத்தில் தேதியோடு முத்திரையும் சுருக்கொப்பமும் வாங்குங்கள். பிரிவு எழுத்தரின் மேசையில் வைத்துவிட்டு வருவது கொடுத்ததாகாது. ஒரு வாரம் கழித்துப் போய் ந.க. எண்ணை (அலுவலகம் உங்கள் கோப்புக்குத் தரும் எண்) குறித்துக்கொள்ளுங்கள். அந்த எண் இல்லாமல் நினைவூட்டலும் எழுத முடியாது, தகவலும் கேட்க முடியாது.

தபாலில் அனுப்புவதென்றால், 2025-இல் பதிவுத் தபால் விரைவுத் தபாலோடு இணைந்துவிட்டது. ஒப்படைப்புச் சான்றைக் கேட்டு வாங்கிப் பத்திரப்படுத்துங்கள்.

பணம் கேட்டால்? லஞ்சம் கொடுப்பதும் குற்றம் என்று ஊழல் தடுப்புச் சட்டம் 2018-இல் திருத்தப்பட்டது. வற்புறுத்தலால் கொடுக்க நேர்ந்தவர் 7 நாளுக்குள் காவல் அல்லது விசாரணை அமைப்பிடம் சொல்லிவிட்டால் அவருக்குப் பாதுகாப்பு உண்டு. கொடுக்கும் முன்பே ஊழல் தடுப்பு மற்றும் கண்காணிப்புத் துறைக்குப் போவதுதான் சரியான வழி.

8. திரும்பி வந்தால்

கோப்பு பெரும்பாலும் மறுக்கப்படுவதில்லை, திருப்பி அனுப்பப்படுகிறது. இந்த வித்தியாசம் முக்கியம். மறுத்தால் அது ஆணை, அதை எதிர்த்துப் போகலாம். திருப்பி அனுப்பினால் பந்து மறுபடி உங்கள் பக்கம். ஒவ்வொரு முறையும் ஒரு புதுக் குறை சொல்லி ஐந்து முறை திருப்பப்பட்ட கோப்புகள் உண்டு. அதனால் முதல் திருப்பலுக்குப் பதில் எழுதும்போதே கடைசிப் பத்தியில் இதைச் சேருங்கள்: "மேற்கண்டவை தவிர வேறு குறைகள் இருப்பின் அவை அனைத்தையும் ஒரே கடிதத்தில் தெரிவிக்கவும், இல்லையெனில் காரணங்களுடன் ஆணை பிறப்பிக்கவும் வேண்டுகிறோம்."

அடிக்கடி வரும் ஆட்சேபங்களும் அவற்றுக்குச் சொல்ல வேண்டியவையும்:

*"உபரி ஆசிரியர்கள் இருக்கிறார்கள்."* இது வெறும் சாக்கு அல்ல. உபரியை நிரவாமல் புதிய நியமனத்துக்கு ஒப்புதல் தருவதைச் சென்னை உயர் நீதிமன்ற மதுரை அமர்வு 2021-இல் கண்டித்து, கடுமையான வழிகாட்டுதல்களே தந்திருக்கிறது. ஆனால் மாவட்டத்தில் எங்கோ யாரோ உபரி என்று பொதுவாகச் சொல்வது போதாது. எந்தப் பள்ளியில், எந்தப் பாடம், எந்தப் பயிற்றுமொழி, எந்தத் தேதியில் என்று கேளுங்கள். தமிழாசிரியர் உபரியாக இருப்பது கணித ஆசிரியர் இடத்துக்குப் பதில் ஆகாது. உங்கள் நியமனத்துக்கு இரண்டு வருடம் பிறகு உபரியானவரைக் காட்டுவதும் பொருந்தாது.

*"இயக்குநரின் செயல்முறைக் கடிதம் தடுக்கிறது."* சுற்றறிக்கை விதியின் இடைவெளியை நிரப்பலாம், விதியை மாற்ற முடியாது. சந்த் ராம் சர்மா வழக்கில் 1967-இல் உச்ச நீதிமன்றம் வகுத்த கோடு இது. கடிதத்தின் நகலைக் கேட்டு வாங்கிப் படியுங்கள். அது உங்கள் வகைப் பள்ளியைப் பற்றியே இருக்காது, பல நேரங்களில்.

*"முன்அனுமதி பெறவில்லை."* பதவி உயர்வுக்கு விதி 15(4) அதைக் கேட்கவில்லை. நேரடி நியமனத்தில் உண்மையிலேயே பெறாமல் விட்டிருந்தால், அது உங்கள் பிழை. மழுப்பாமல், கேட்டும் பதில் வராத தேதிகளை ஆதாரத்தோடு வையுங்கள்.

*"இதே பிரச்சினையில் மேல்முறையீடு நிலுவையில் உள்ளது."* தடையாணை இருக்கிறதா என்று கேளுங்கள். மேல்முறையீடு தாக்கல் செய்தது மட்டுமே தடையாகிவிடாது.

*"உண்மைத்தன்மைச் சான்று வரவில்லை."* பல்கலைக்கழகம் தாமதிப்பதற்கு ஆசிரியர் பட்டினி கிடக்க வேண்டியதில்லை. சான்று பொய் எனத் தெரிந்தால் ரத்தாகும் என்ற நிபந்தனையோடு ஒப்புதல் தரும்படி எழுதுங்கள்.

எந்த ஆட்சேபமும் வாய்மொழியாக வந்தால், அன்றைக்கே "இன்று நேரில் இவ்வாறு தெரிவிக்கப்பட்டது" என்று கடிதம் எழுதித் தபால் பிரிவில் முத்திரை வாங்கிவிடுங்கள். காற்றோடு போகும் பேச்சுக்கு அதுதான் ஆதாரம்.

9. அசையாத கோப்புக்குத் தகவல் உரிமை மனு

60 நாள் பார்த்தும் ஒன்றும் நடக்கவில்லையென்றால் அந்த அலுவலகத்தின் பொதுத் தகவல் அலுவலருக்கு மனுப் போடுங்கள். கட்டணம் 10 ரூபாய், நீதிமன்ற வில்லையாக ஒட்டலாம். நகலுக்குப் பக்கத்துக்கு 2 ரூபாய். "ஏன் தாமதம்" என்று கேட்டால் பதில் வராது, காகிதத்தைக் கேளுங்கள்: இந்த ந.க. எண் கோப்பின் குறிப்புப் பக்கங்கள், கோப்பு எந்தத் தேதியில் யாருடைய மேசையில் இருந்தது, அதே கல்வியாண்டில் ஒப்புதல் தரப்பட்ட இதே பாட நியமனங்களின் ஆணை நகல்கள். கடைசியாகச் சொன்னது பாகுபாட்டைக் காட்ட உதவும்.

பதிலுக்கு 30 நாள். வராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு, அதன்பின் 90 நாளுக்குள் மாநிலத் தகவல் ஆணையத்துக்கு இரண்டாம் மேல்முறையீடு. ஆணையம்வரை போய்க்கொண்டிருக்காமல், குறிப்புப் பக்கங்கள் கிடைத்தவுடன் அடுத்த படிக்கு நகருங்கள்.

10. உயர் நீதிமன்றம்

பதினான்கு மாவட்டங்களுக்கு மதுரை அமர்வு: மதுரை, தேனி, திண்டுக்கல், சிவகங்கை, இராமநாதபுரம், விருதுநகர், தூத்துக்குடி, திருநெல்வேலி, தென்காசி, கன்னியாகுமரி, புதுக்கோட்டை, தஞ்சாவூர், திருச்சிராப்பள்ளி, கரூர். மற்றவை சென்னை. ஆசிரியரும் மனுச் செய்யலாம், பள்ளியும் செய்யலாம். ஆசிரியர் செய்தால் பள்ளிச் செயலரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும்.

மறுப்பு ஆணை கையில் இருந்தால் அதை ரத்து செய்து ஒப்புதல் தரச் செய்யும் நீதிப்பேராணை கேட்கலாம். ஆணையே இல்லாமல் போனால் "மனுவை இத்தனை வாரத்துக்குள் பரிசீலியுங்கள்" என்பதோடு வழக்கு முடியக்கூடும். பிறகு அவர்கள் பழைய காரணத்தையே எழுதி மறுப்பார்கள், நீங்கள் மறுபடி முதலிலிருந்து. ஆகவே முடிந்தவரை எழுத்தில் மறுப்பை வரவழைத்துவிட்டுப் போங்கள்.

ஆணையில் என்ன காரணம் இருக்கிறதோ அதை வைத்துத்தான் ஆணை நிற்கும் அல்லது விழும். வழக்கு வந்தபின் பதில் பத்திரத்தில் புதுக் காரணம் சேர்த்து அதைத் தூக்கி நிறுத்த முடியாது. இது மொகிந்தர் சிங் கில் வழக்கில் 1977-இல் வந்த தீர்ப்பு. உங்கள் வழக்கறிஞருக்குத் தெரிந்திருக்கும், ஆனாலும் ஆணையையும் பதில் பத்திரத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து நீங்களே ஒருமுறை ஒப்பிட்டுப் பாருங்கள். கோப்பின் நுணுக்கம் உங்களுக்குத்தான் தெரியும்.

காலம் தாழ்த்தாதீர்கள். திரும்பத் திரும்ப மனுக் கொடுத்துக்கொண்டிருப்பதால் இறந்துபோன உரிமை உயிர் பெறாது என்று தமிழ்நாட்டிலிருந்து போன வழக்கொன்றில் 2008-இல் உச்ச நீதிமன்றம் எச்சரித்திருக்கிறது. மறுப்பு வந்து மூன்று மாதத்துக்குள் தாக்கல் செய்வது நல்லது.

செலவைப் பற்றிப் பயந்து விட்டுவிடாதீர்கள். பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் வருமான வரம்பு பாராமல் இலவச சட்ட உதவி உண்டு (சட்டப் பணிகள் ஆணையச் சட்டம் 1987, பிரிவு 12). உயர் நீதிமன்றச் சட்டப் பணிகள் குழுவிடம் விண்ணப்பிக்க வேண்டும். சம்பளமே வாங்காமல் வேலை பார்க்கும் ஆசிரியைகளில் பலருக்கு இப்படி ஒரு வழி இருப்பதே தெரியாது.

சாதகமான தீர்ப்பு வந்தும் நிறைவேற்றாவிட்டால் அவமதிப்பு மனுவுக்கு ஓராண்டுதான் காலம். தீர்ப்பில் சொன்ன கெடு முடியும் நாளை நாட்காட்டியில் குறித்துவையுங்கள்.

11. ஒப்புதல் வந்த அன்று பார்க்க வேண்டியது

ஆணையில் "நியமன நாள் முதல்" என்று இருக்கிறதா, "இவ்வாணை நாள் முதல்" என்று இருக்கிறதா? இரண்டாவது என்றால் இடைப்பட்ட வருடங்களின் ஊதியமும் ஆண்டு ஊதிய உயர்வும் போய்விடும், பணிமூப்பிலும் பின்னுக்குப் போவீர்கள். மகிழ்ச்சியில் ஏற்றுக்கொண்டுவிட்டுப் பிறகு கேட்பது கடினம். அதே வாரத்தில் ஆட்சேபம் எழுதுங்கள்.

பெயர் எழுத்து, பிறந்த தேதி, பதவிப் பெயர், பாடம், ஊதிய நிலை இவற்றைச் சான்றுகளோடு ஒப்பிடுங்கள். நிலுவை ஊதியப் பட்டியலைத் தனியாகத் தயாரித்து அனுப்பச் சொல்லுங்கள். ஒப்புதல் ஆணை வந்தால் நிலுவை தானாக வந்துவிடாது. பணிப்பதிவேட்டின் முதல் பக்கத்தில் ஒப்புதல் ஆணையின் எண்ணும் நாளும் ஏறியிருக்கிறதா என்று கண்ணால் பார்த்துவிட்டு, அந்தப் பக்கத்தின் நகலை வீட்டில் வைத்துக்கொள்ளுங்கள்.